ஐந்தாம் நம்பர் வீட்டு மீட்டர்

மத்திகிரியில் மாட்டுப் பண்ணைக்குப் போகிற சாலையில் நாராயணப்பனுக்கு ஐந்து லைன் வீடுகள் இருந்தன. ஐந்தும் ஒரே அளவு. ஒரு முன்னறை, ஒரு சமையலறை, ஒரு குளியலறை. பின்னால் ஐந்து வீட்டுக்கும் பொதுவாக ஒரு குடிதண்ணீர்க் குழாய். நான்கு வீடுகளுக்கு வாடகை ஆயிரத்து இருநூறு. ஐந்தாவதுக்கு மட்டும் ஆயிரத்து முந்நூறு. அதில் ஜன்னல் பெரிதில்லை, காற்றும் கூடுதல் இல்லை. சொல்லப்போனால் சாக்கடை வாசம்தான் கொஞ்சம் கூடுதல். இருந்தும் அது காலியாகிறது என்றால் மற்ற நான்கு வீட்டுக்காரர்களும் அதைப் பிடிக்க அட்வான்ஸைத் தூக்கிக்கொண்டு ஓடிவருவார்கள். அந்த வீட்டில் கரண்ட் பில் பாதிதான் வரும்.

"அது ராசியான எடம்மா," என்பார் நாராயணப்பன். "மீட்டரு அங்க மெல்லமாத்தான் சுத்தும். நான் என்ன, புடிச்சா வெச்சிருக்கேன்?"

பொற்கொடிக்கு அந்த வீடு பொங்கல் முடிந்த கையோடு கிடைத்தது. அதற்கு முன் இருந்தவர்கள் ராயக்கோட்டைப் பக்கத்துக்காரர்கள். அந்தப் பெண் ஒருநாள் விளக்கு வைக்கிற நேரத்தில் குழாயடியில் விழுந்து, விரல்கள் மடங்கி, பல் கட்டிக் கிடந்தாள். வலிப்பு என்றார்கள். இதற்கு முன் அவளுக்கு வலிப்பு வந்ததே இல்லை என்று அவள் புருஷன் ஆஸ்பத்திரியில் திரும்பத் திரும்பச் சொன்னானாம். ஒரு வாரத்தில் சாமானை ஏற்றிக்கொண்டு போய்விட்டார்கள். பொற்கொடி அந்தப் பெண்ணுக்காக இரண்டு நாள் வருத்தப்பட்டாள். மூன்றாம் நாள் அட்வான்ஸ் கொடுத்தாள்.

அவள் ஊத்தங்கரைக்குப் பக்கத்துக்காரி. பிளஸ் டூ முடித்தவள். பாகலூர்ப் பக்கத்தில் ஒரு ரோஜாப் பண்ணையில் பூத் தரம் பிரிக்கும் வேலை. தண்டின் நீளத்தைப் பார்த்து, இருபது இருபதாகக் கட்டுப் போட்டு, தண்ணீர் பக்கெட்டில் நிறுத்த வேண்டும். பத்தொன்பது போட்டாலும் குற்றம், இருபத்தொன்று போட்டாலும் குற்றம். ஆறு வருஷம் இதைச் செய்ததில், எது கண்ணில் பட்டாலும் மனசு தானாக எண்ணத் தொடங்கிவிடும். புருஷன் சௌந்தரராஜன் சிப்காட்டில் பிரஸ் ஷாப் வேலை. மகள் லாவண்யா எட்டாம் வகுப்பு.

லாவண்யாவின் அறிவியல் டீச்சர் ஒரு கணக்குக் கொடுத்ததில்தான் எல்லாம் ஆரம்பித்தது. வீட்டில் உள்ள விளக்குகள் மாதம் எத்தனை யூனிட் எடுக்கின்றன, செலவு எவ்வளவு, கண்டுபிடித்து எழுத வேண்டும். முடிந்தால் மீட்டரோடு ஒத்துப்பார்க்க வேண்டும்.

ஞாயிற்றுக்கிழமை. ராகிக் களியும் அவரைக்கொட்டைக் குழம்பும் ஆகியிருந்தது. களியைப் பிட்டுக் குழம்பில் தோய்த்தபடியே சௌந்தரராஜன் மகளுக்குச் சொல்லிக் கொடுத்தான்.

"ஆயிரம் வாட்ஸு ஒரு மணி நேரம் எரிஞ்சா ஒரு யூனிட்டு. அவ்ளோதான் கணக்கு. டியூப்லைட்டு எத்தன வாட்ஸு?"

"நாப்பதுப்பா. அதுலயே எழுதியிருக்குது."

"சோக்கு உன்ன உட்ருமா? தொட்டுப் பாரு, சூடாருக்கும். அந்தச் சூடு சும்மாவா வருது? அதுக்கு ஒரு பதினஞ்சு போடு."

ஐம்பத்தைந்து. ஒருநாளைக்கு ஐந்து மணி நேரம். சமையலறைக் குண்டு பல்பு அறுபது வாட்ஸ், காலையும் மாலையுமாக மூன்று மணி. குளியலறையில் நாற்பது, ஒரு மணி. பின்வாசலில் அறுபது, இரண்டு மணி. லாவண்யா பெருக்கிக் கூட்டினாள். ஒரு நாளைக்கு அறுநூற்றுப் பதினைந்து. முப்பது நாளைக்குப் பதினெட்டரை யூனிட்டுக்குக் கொஞ்சம் குறைவு. ஓனர் யூனிட்டுக்கு நான்கு ரூபாய் வாங்குகிறார். ஆக விளக்குக்கு மட்டும் எழுபத்து நான்கு ரூபாய்.

"சூப்பரு," என்றான் சௌந்தரராஜன். "எழுதி மூடி வை."

"மீட்டரோட ஒத்துப்பாக்கணுமே."

மீட்டர் கதவுக்கு மேலே இருந்தது. போன மாதம் ஓடியது இருபத்திரண்டு யூனிட்.

"ஃபேனும் டிவியும் கழிச்சா லைட்டு வந்துரும்," என்றாள் பொற்கொடி. பூக்கட்டு எண்ணுகிற குரல் வந்துவிட்டது அவளுக்கு. "ஃபேன் அறுவது, எட்டு மணி நேரம். டிவி எம்பது, மூணு மணி நேரம். போடு பாப்பா."

லாவண்யா போட்டாள். இருபத்தொன்றே முக்காலுக்குச் சற்றுக் குறைவாக வந்தது. விளக்கைச் சேர்த்தால் நாற்பது.

"நாப்பது வரணும். இருவத்திரண்டுதான் வந்திருக்குது."

"ராசியான வூடுடி," என்று சிரித்தான் சௌந்தரராஜன். "கம்மியா வந்தா சண்டைக்குப் போவியா நீ? உலகத்துலயே பில்லு கம்மியா வந்துச்சுன்னு அழுவற பொம்பள நீ ஒருத்திதான்."

பொற்கொடி சிரிக்கவில்லை. கொஞ்சம் குறைந்திருந்தால் விட்டிருப்பாள். இது எண்ணி வைத்ததுபோல, விளக்குக் கணக்கு மட்டும் முழுசாகக் காணாமல் போயிருந்தது. நாற்காலியை இழுத்துப் போட்டு மீட்டருக்கு எதிரே ஏறி நின்றாள். "எல்லாத்தயும் நிறுத்து," என்றாள்.

ஃபேன் நின்றது, டிவி நின்றது. மீட்டருக்குள் சிவப்புக் கோடு போட்ட அலுமினியச் சக்கரம் அசையாமல் நின்றது.

"ஃபேனப் போடு."

சக்கரம் சோம்பலாகச் சுற்றத் தொடங்கியது.

"நிறுத்து. இப்ப டியூப்லைட்டு."

குழல் இரண்டு தடவை துடித்துவிட்டு எரிந்தது. சக்கரம் நின்ற இடத்திலேயே நின்றது. சமையலறை, குளியலறை, பின்வாசல் என்று நான்கையும் போடச் சொன்னாள். பட்டப்பகலில் வீடு முழுக்க விளக்கு எரிந்தது. சிவப்புக் கோடு மயிரிழைகூட நகரவில்லை.

"ஐய்யோ, ஃப்ரீம்மா!" என்று கைதட்டினாள் லாவண்யா.

சௌந்தரராஜன் கையைக் கழுவாமல் வந்து பார்த்தான். அவன் முகத்தில் சந்தோஷமும் பயமும் பாதிப்பாதியாக இருந்தது. "யார்கிட்டயும் சொல்லாத. ஈபிக்காரன் வந்தா நம்ம தலைலதான் விழும்."

சாயங்காலம் நான்காம் நம்பர் வீட்டு சுக்ரா கொத்தமல்லி கேட்டு வந்தாள். அவள் புருஷன் தஸ்தகீர் பழைய இரும்பு வாங்கி விற்கிறவன். சுக்ரா வந்தால் கொத்தமல்லியோடு போகமாட்டாள். ஒரு பாட்டம் ஓனரைத் திட்டிவிட்டுத்தான் போவாள்.

"ஒனக்கென்னக்கா, ராணி. எங்களுக்குப் பாரு, பொது லைட்டுன்னு மாசம் பதினஞ்சு ரூவா புடுங்கறாரு. வாசல்ல ஒரே ஒரு பல்பு. அதுவும் தீபாவளிலருந்து எரியல. எரியாத பல்புக்குக் காசு குடுக்கறது நாமதான்."

"எனக்குந்தான் பதினஞ்சு போடறாரு," என்றாள் பொற்கொடி. சொன்ன வாயோடு மனசு வகுத்தது. எழுபத்து நான்கை ஐந்தால் வகுத்தால் பதினைந்து. ஐந்து வீட்டுக்கும் சேர்த்து ஓனர் பணம் கட்டுகிற மின்வாரியத்தின் பெரிய மீட்டரில் இந்த விளக்குகள் ஏறத்தான் செய்கின்றன. குறைகிறதை ஐந்து வீட்டுக்கும் பங்கு போட்டிருக்கிறார். அப்படியென்றால் ஐந்தாம் வீட்டு விளக்கு மீட்டரில் ஏறுவதில்லை என்பது நாராயணப்பனுக்குத் தெரியும்.

"அது கெடக்கட்டும்," என்றாள் சுக்ரா, தழையை முந்தானையில் போட்டுக்கொண்டு. "நேத்து பொழுது சாய பைப்புல கை வெச்சேன், சுர்ருன்னுச்சு பாரு. எங்கூட்டுக்காரரு பித்தம்னாரு. இஞ்சி போட்டுக் குடிச்சேன்."

அதற்குப் பிறகு இன்னொன்று நடந்தது. லாவண்யா குழாயடிக் கல்லில் உட்கார்ந்து பாத்திரம் விளக்கினாள். தண்ணீர் வராத நாள். பக்கெட்டில் இருந்து மொண்டு ஊற்றிக் கழுவினாள். உள்ளே சமையலறை பல்பு மாசி வெயிலில் காய்ந்த பூசணிப்பூ மாதிரி மங்கலாக எரிந்துகொண்டிருந்தது. வெளியே தண்ணீர் சரிந்து குழாயைச் சுற்றிய மண்ணில் இறங்கியதும் பல்பு பளிச்சென்று ஆனது. மண் அதைக் குடித்து முடித்ததும் மெல்ல மங்கியது. மறுபடி ஒரு சொம்பு, மறுபடி வெளிச்சம்.

"பாத்தியாம்மா? நான்தான் லைட்டுக்குத் தண்ணி ஊத்தறேன்," என்றாள் லாவண்யா. "ரொம்ப நாளா இப்டித்தான்."

பொற்கொடி பல்பையும் குழாயையும் மாறி மாறிப் பார்த்தாள். எதுவோ ஒன்று சரியில்லை என்று தெரிந்தது. எது என்று பிடிபடவில்லை.

மறுநாள் திங்கள். தண்ணீர் விடும் நாள். மூன்று நாளைக்கு ஒரு தடவை, முன்பெல்லாம் பகல் பதினொரு மணிக்கு விடுவார்கள். அந்த வருஷம் கரண்ட் கட் வந்தது; இந்த வாரத்திலிருந்து தண்ணீர் நேரமும் இடம் மாறிவிட்டது. மத்திகிரிக்குச் சாயங்காலம் நான்கிலிருந்து ஆறு வரை கரண்ட் கிடையாது. ஆறு மணிக்குக் கரண்ட் வரும்போதுதான் வால்வைத் திறப்பார்கள். காலையில் வேலைக்குக் கிளம்பும்போது பொற்கொடி மகளுக்குச் சொன்னாள்:

"ஸ்கூல் விட்டு வந்ததும் குடத்த எடுத்துப்போய் மொத ஆளா போடு. லைட்டு சுவிட்சப் போட்டே வை, கரண்ட்டு வந்தா தெரியும்."

எல்லா வீட்டிலும் அப்படித்தான். இருட்டில் உட்கார்ந்திருக்கிறவர்களுக்குக் கரண்ட் வந்த சேதியைச் சுவிட்சு போட்ட விளக்குதான் சொல்லும்.

பண்ணையில் பிளாஸ்டிக் கூரைக்கடியில் அன்று வெக்கை தாங்கவில்லை. இரண்டு மாதமாக ஒரு சொட்டு மழை இல்லை. மூன்றரைக்கு டீ குடிக்க வெளியே வந்தபோது, மோட்டார் ஆப்பரேட்டர் ஆஞ்சப்பன் மோட்டார் ரூமுக்குப் பக்கத்தில் ஒரு சிமெண்டுக் குழிக்குள் பக்கெட்டால் தண்ணீர் ஊற்றிக்கொண்டிருந்தார்.

"இன்னாத்துக்குண்ணா அங்க ஊத்தற? செடியே இல்லியே."

"செடிக்கு இல்லம்மா, கரண்ட்டுக்கு." ஆஞ்சப்பனுக்கு யாராவது கேட்டால் போதும், டீயை ஆறவிட்டு விளக்குவார். "இதுக்குள்ள ஒரு இரும்புப் பைப்பு எறங்கியிருக்குது. மோட்டார்ல கரண்ட்டு லீக் ஆனா இது வழியா மண்ணுக்குப் போயிரணும். மண்ணு ஈரமா இருந்தாத்தான் போவும். காஞ்சுபோச்சுன்னா போவ வழியில்லாம பைப்புலயே நிக்கும். அதான் வெயில் காலத்துல தண்ணி, உப்பு, கரி எல்லாம் போடறது."

பொற்கொடியின் கையில் டம்ளர் நின்றது. "எங்க வூட்லயும் தண்ணி ஊத்துனா பல்பு பளிச்சுன்னு எரியுதுண்ணா."

"எங்க ஊத்துனா?"

"கொழாயடில."

ஆஞ்சப்பன் பக்கெட்டைக் கீழே வைத்தார். ஒவ்வொன்றாகக் கேட்டார். அவள் மீட்டர் சக்கரம் நின்றதைச் சொன்னாள், சுக்ராவின் பித்தத்தைச் சொன்னாள், ராயக்கோட்டைக்காரி விழுந்ததையும் சொன்னாள். அவர் முகம் மாறிக்கொண்டே வந்தது.

"கரண்ட்டு ஒரு கம்பில வரும், இன்னொரு கம்பில திரும்பிப் போவணும். திரும்புனாத்தான் லைட்டு எரியும். நம்ம கேட்ல வாட்ச்மேன் நிக்கறான்ல? வெளிய போற ஆள எண்ணறான். வேலி தாண்டிப் போறவன எண்ணுவானா? ஒங்கூட்டு மீட்டரு திரும்பிப் போற கம்பில மாட்டியிருக்குது. தப்பா மாட்டிட்டாங்க. ஃபேனும் டிவியும் கேட்டு வழியாப் போவுது, எண்ணுது. லைட்டுக்குத் திரும்பற கம்பி செவுத்துக்குள்ள எங்கியோ அறுந்திருக்கும். செவுத்த ஒடைக்க சோம்பல் பட்டுக்கிட்டு எவனோ அதக் கொண்டுபோய் தண்ணிப் பைப்புல சுத்தி உட்டுட்டான். ஒங்க லைட்டெல்லாம் பைப்பு வழியாத்தான் மண்ணுக்குப் போவுது. அந்தப் பைப்பு எத்தன அடி மண்ணுக்குள்ள?"

"மண்ணுக்குள்ள பூரா பிளாஸ்டிக்குண்ணா. மேல வர்ற எடத்துல மட்டும் இரும்பு."

"செத்துது போ. மழையில்லாம காஞ்ச மண்ணு, ரெண்டு சொம்பு பத்தாது. கல்லு மாதிரி இருக்கும். லைட்டு எரியற நேரத்துல அந்தப் பைப்ப மொதல்ல எவன் ஈரக் கையோட, வெறுங்காலோட தொடறானோ, அவன் ஒடம்புதான் வழி. இத்தினி நாளு எப்டி தப்பிச்சீங்க?"

"பகல்லதான் தண்ணி வரும். பகல்ல லைட்டு போடமாட்டோம்." டம்ளரைக் கீழே வைத்தாள். "இப்ப ஆறு மணிக்கு வருதுண்ணா. இன்னிக்கு வருது. எம்பொண்ண மொத ஆளா நிக்கச் சொல்லியிருக்கேன்."

ஆஞ்சப்பன் தன் செல்லை எடுத்துக் கொடுத்தார். சௌந்தரராஜன் இரண்டாம் ஷிப்டு. அவன் செல் லாக்கரில் அடித்துக்கொண்டே இருந்தது. லைன் வீட்டுப் பெண்கள் யாரிடமும் செல் இல்லை. நாராயணப்பன் எடுத்தார். அவள் மூச்சு வாங்கச் சொன்னதையெல்லாம் கேட்டார். நடுவில் ஒருதடவைகூட, பைப்பில் எப்படிக் கரண்ட் வரும் என்று கேட்கவில்லை.

"ஆகட்டும்மா, நான் பாத்துக்கறேன். நீ போயி ஊரெல்லாம் டமாரம் அடிக்காத." வைத்துவிட்டார்.

"அவர நம்பாத," என்றார் ஆஞ்சப்பன். "சுவிட்சயும் நம்பாத, எந்தக் கம்பில இருக்குன்னு யாருக்குத் தெரியும். நேரா மெயினுக்குப் போயி பீஸ் கட்டையப் புடுங்கிரு. ஆறுக்குள்ள போயிரு தாயி."

பாகலூரில் பஸ் ஏறும்போது நான்கே கால். ஓசூர் பஸ் ஸ்டாண்டில் மத்திகிரி டவுன் பஸ்ஸுக்கு இருபத்தைந்து நிமிஷம் நின்றாள். ஏறிய பிறகும் டிரைவர் டீ குடிக்கப் போனார். எங்கோ ஒரு கம்பெனி வாசலில் ஷிப்டு பஸ்கள் திரும்பிக்கொண்டிருந்ததில் சாலை அடைத்துப்போனது. பக்கத்தில் உட்கார்ந்திருந்த கிழவர் மழை வருமா என்று மேகம் பார்த்தார். பொற்கொடி கடை கடையாகப் பார்த்துக்கொண்டு வந்தாள். எல்லாக் கடையிலும் மெழுகுவத்தி. இருட்டாக இருக்கிறவரை சரி. முதல் டியூப்லைட் எரிந்தால் எல்லாம் முடிந்தது. வாழ்க்கையில் முதல் தடவையாகக் கரண்ட் வரக்கூடாது என்று வேண்டிக்கொண்டாள்.

மத்திகிரியில் இறங்கியபோது ஐந்து ஐம்பத்து மூன்று. செருப்பைக் கையில் பிடித்துக்கொண்டு ஓடினாள்.

லைன் வீட்டுச் சந்தின் முனையில் மெயின் போர்டு. சந்து வழியாகப் பார்த்தால் குழாயடி தெரியும். வரிசை நின்றிருந்தது. முதலில் லாவண்யா, சீருடையோடு, வெறுங்காலோடு, காய்ந்த கல்லின்மேல். தண்ணீர் வந்தால் தெரியட்டும் என்று திறந்தே விட்ட குழாயை ஒரு கையால் பிடித்துக்கொண்டு சுக்ராவிடம் ஏதோ பேசிச் சிரித்துக்கொண்டிருந்தாள்.

"பாப்பா! கைய எடு! எல்லாரும் தள்ளுங்க, பைப்பத் தொடாதீங்க!"

வரிசை திரும்பிப் பார்த்தது. குழாயடியில் தள்ளு என்று சொன்னால் அங்கே ஒரே ஒரு அர்த்தம்தான்.

"வந்துட்டா பாரு, வேலைலருந்து நேரா சண்டைக்கு," என்றாள் இரண்டாம் வீட்டுக்காரி. "ஒம்பொண்ணுதான மொதல்ல நிக்கறா? இன்னும் என்ன வேணும் ஒனக்கு?"

லாவண்யாவுக்கு அம்மாவின் சத்தம் தண்ணீர்ச் சண்டையாகவே கேட்டது. இடத்தை விடக்கூடாது என்று குழாயை இன்னும் இறுக்கிப் பிடித்தாள்.

பொற்கொடி மெயின் போர்டுக்குத் திரும்பினாள். போர்டின் தகரக் கதவைத் திறந்து, வெள்ளைப் பீங்கான் பீஸ் கட்டையை இரண்டு கையாலும் பிடித்து இழுத்தாள். துருவேறியிருந்தது. மூன்றாவது இழுப்பில் கையோடு வந்தது. பின்வாங்கிச் சுவரில் முட்டி நின்றாள்.

ஒரு நிமிஷம்கூட ஆகியிருக்காது. எதிர்ச் சாரியில் வெளிச்சம் பரவியது. டிவிகள் நடுவாக்கியத்தில் பேசத் தொடங்கின. நாராயணப்பன் வீட்டுக்குத் தனி மெயின். அங்கேயும் விளக்கு எரிந்தது. லைன் வீடுகள் ஐந்தும் மட்டும் இருட்டாக நின்றன.

"எங்களுக்கு ஏன் வரல?" "அவதான் எதையோ புடுங்கினா, நான் பாத்தேன்." "அடியே பொற்கொடி, கிறுக்கு புடிச்சிருச்சா?"

அவள் குழாயடிக்குப் போய் மகளை இழுத்து விலக்கினாள். பிறகு, பூக்கட்டு பற்றிப் புதிதாக வந்த பெண்களுக்குச் சொல்வதுபோல, ஒவ்வொன்றாகச் சொன்னாள். மீட்டர் சக்கரம், காணாமல் போன பதினெட்டரை யூனிட், பொது லைட்டின் பதினைந்து ரூபாய், பல்பு குடித்த தண்ணீர். சுக்ரா மட்டும் தன் உள்ளங்கையைத் திருப்பிப் பார்த்துக்கொண்டாள். மற்றவர்களுக்கு அது பிடிபடவில்லை.

"பைப்புல தண்ணி வரும். கரண்ட்டா வரும்?" என்று யாரோ சொல்ல, சிரிப்பு எழுந்தது.

நாராயணப்பன் வந்துவிட்டார். பின்னாலேயே அவர் மனைவி கெம்பம்மா, இடுப்பில் பித்தளைக் குடத்தோடு. கரண்ட் கட்டில் மோட்டார் ஓடாமல் அவர்கள் வீட்டுத் தொட்டி காய்ந்திருந்தது.

"பீஸ் கட்டயக் குடு," என்றார் நாராயணப்பன்.

"வயர்மேனக் கூப்பிடுங்க, குடுக்கறேன்."

"ராசியான வூட்டக் குடுத்தேன் பாரு, என்னச் சொல்லணும். காலி பண்ணிக்கோ. இப்பக் குடு. அஞ்சு குடும்பம் இருட்டுல நிக்குது ஒன்னால."

"குடுத்துரு அக்கா," என்றாள் இரண்டாம் வீட்டுக்காரி. "சீரியல் போயிரும்."

பொற்கொடி கொடுக்கவில்லை. நாராயணப்பன் அவள் கையிலிருந்து பிடுங்கினார். நேராகப் போர்டுக்கு நடந்தார். அவள் பின்னாலேயே ஓடி அவர் கையைப் பிடித்தாள். இரண்டு பேர் அவளைப் பிடித்து நிறுத்தினார்கள். அந்த நேரத்தில் குழாய் இருமியது. காற்றைத் துப்பியது. தண்ணீர் வந்துவிட்டது.

வரிசை கலைந்து கிடந்தது. கல்லின்மேல் யாரும் இல்லை. ஓனர் வீட்டம்மாவுக்கு வரிசை ஏது? கெம்பம்மா செருப்பை உதறிவிட்டுக் கல்லேறினாள். குடத்தை வைத்து, சீறித் தெறித்த தண்ணீரை அடக்க நனைந்த கையால் குழாயை இறுக்கிப் பிடித்தாள்.

நாராயணப்பன் பீஸ் கட்டையைச் சொருகப் போகிறவர், தண்ணீர்ச் சத்தம் கேட்டுத் திரும்பிப் பார்த்தார்.

"ஏ கெம்பீ! கை தெகி! பைப்பு முட்டபேடா! முட்டபேடா!"

அப்படி ஒரு சத்தம் அவரிடமிருந்து யாரும் கேட்டதில்லை. கை எடு, தொடாதே என்கிற அளவுக்குக் கன்னடம் அந்தச் சந்தில் எல்லோருக்கும் தெரியும். கெம்பம்மா திகைத்துப் போய்க் கையை எடுத்தாள். கல்லைவிட்டு இறங்கினாள். புருஷனைப் பார்த்தாள்.

எல்லோரும் அவரைத்தான் பார்த்தார்கள். பொற்கொடியைப் பிடித்திருந்த கைகள் தளர்ந்தன. நாராயணப்பனின் கையில் பீஸ் கட்டை போர்டுக்கு ஒரு சாண் தள்ளி அந்தரத்தில் நின்றது. பொற்கொடி போய் அவர் விரல்களை ஒவ்வொன்றாக விலக்கி, கட்டையைத் தன் கையில் எடுத்துக்கொண்டாள். அவர் தடுக்கவில்லை.

கெம்பம்மாவின் குடம் நிறைந்தது. வழிந்தது. மூன்று நாள் காத்திருந்த தண்ணீர் கல்லில் இறங்கி, காய்ந்த மண்ணைத் தாண்டி, சாக்கடைக்குள் ஓடியது. காலிக் குடங்களோடு பத்துப் பேர் நின்றிருந்தார்கள். குழாயை மூட ஒருவரும் போகவில்லை.